வாய் தவறிய ஒரு சொல்

ஸ்பெயின் நாட்டுப் பூர்கோஸ் நகரத்து அந்தப் பெரிய வீட்டில் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் மட்டும் வேலைக்காரர்களும் கூடத்தில் உட்காரலாம். டெலிவிஷனில் பாட்டு நாடகம் வரும் நேரம் அது. வழக்கமாக சமையற்காரி பிராக்ஸேதிஸும் பணிப்பெண் ஒப்துலியாவும் கதவோரத்தில்தான் உட்காருவார்கள்.

அன்று எஜமானி தோன்யா மத்தில்தே, "ஏய் ஒப்துலியா, இப்படி மேசைகிட்ட வா. வறுத்த கொட்டையை உரிச்சுக்கிட்டே பாரு," என்றாள். எப்போதும் பின்னிக்கொண்டே இருக்கும் அவள் கைகள் இன்று மடியில் சும்மா கிடந்தன. அது ஒப்துலியாவுக்குப் பிடிக்கவில்லை.

எதிரே எஜமானியின் மகன் கொன்சாலோ. "ஈஸ்டர் முடியட்டும், அம்மாகிட்ட நானே சொல்லிக் கல்யாணம் பண்ணிக்கிறேன். அதுவரைக்கும் மூச்சு விடாதே," என்று அவளுக்கு வாக்குக் கொடுத்திருந்தான். தனியாக இருந்தால் அவள் அவனை 'நீ' என்பாள். ஆள் இருந்தால் 'சின்னய்யா, நீங்க'. குளிர்காலம் முழுக்க அவள் நாக்கு தவறவில்லை.

திரையில் கரி விற்கிற பெண்ணொருத்தி பிரபுவைப் பார்த்துப் பாடிக்கொண்டிருந்தாள்.

"வாய் ஒரு பக்கம் போகுது, பாட்டு ஒரு பக்கம் போகுது!" என்று பிராக்ஸேதிஸ் கதவோரத்திலிருந்து சிரித்தாள். "அடியே, அழுறியா என்ன? பொய்யழுகைக்கு ஒரு மெய்யழுகையா?"

ஒப்துலியாவுக்கு அது காதில் விழவில்லை. நாடகம் முழுக்க 'நீங்கள்' என்றே பாடிய கரிக்காரி, அப்போதுதான் முதன்முதலாக அந்தப் பிரபுவை 'நீ' என்றாள். அந்தக் கணம் கொன்சாலோவின் கை, அடுப்பிலிருந்து அப்போதுதான் இறக்கிய கொட்டைத் தட்டை நோக்கி நீண்டது.

"தொடாதே, சுடும்!"

சொன்ன பிறகுதான் தன் குரல் அவளுக்கே கேட்டது.

பிராக்ஸேதிஸின் சிரிப்பு பாதியில் நின்றது. மேசைக்கடியில் குளிர்காய வைத்திருந்த கணப்புச் சட்டியில் தணல் ஒன்று வெடித்து அடங்கியது. தோன்யா மத்தில்தே திரும்பவில்லை, கோபிக்கவும் இல்லை. இத்தனை வருஷம் ஏய், வாடி, போடி என்றே கூப்பிட்டவள், மெல்லச் சொன்னாள்:

"ஒப்துலியா, டெலிவிஷனை நிறுத்துங்க."

அந்த 'ங்க' ஒப்துலியாவின் முதுகில் பனிக்கட்டியாய் இறங்கியது. அவள் கொன்சாலோவைப் பார்த்தாள். ஒரு வார்த்தை, இப்போது ஒரே ஒரு வார்த்தை சொன்னால் போதும்.

அவன் குனிந்து, சுடுகிற கொட்டையை விரல் பொறுக்காமல் உருட்டிக்கொண்டிருந்தான்.

"அம்மா சொல்றாங்க இல்ல," என்றான் தலை தூக்காமல். "நிறுத்துங்க."

திரையில் பிரபு கரிக்காரியின் முன்னால் மண்டியிட்டுக்கொண்டிருந்தான். ஒப்துலியா எழுந்து போய்க் குமிழைத் திருகினாள். இருவரும் சுருங்கி ஒரு வெள்ளைப் புள்ளியானார்கள். பிறகு அதுவும் இல்லை.