கத்தி படாத பறவை

ஸ்ரீகண்டி காலையிலிருந்து கம்பில் ஏறவில்லை. கூண்டின் தரையில் இறகை உப்பிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. மூச்சுக்கு மூச்சு வால் ஆடியது. சோலோ நகரத்துப் பாட்டுப் போட்டிகளில் நாலு கோப்பை வாங்கிய லவ்பேர்ட் அது. இப்போது ஒரு கீச்சுகூட இல்லை.

அதை வளர்த்த குன்தோரோ கூண்டோடு கால்நடை டாக்டர் விடாரியிடம் ஓடினான். அந்தம்மா எக்ஸ்ரே எடுத்துக் காட்டினாள். பாதி வயிற்றை ஒரே முட்டை அடைத்துக்கொண்டிருந்தது. கால்சியம் ஊசி போட்டு, விளக்குச் சூட்டில் மூன்று மணி நேரம் வைத்துப் பார்த்தும் அது நகரவில்லை. முட்டை உள்ளேயே ஒட்டிக்கொண்டுவிட்டது, வயிற்றைத் திறந்துதான் எடுக்க வேண்டும், இன்றைக்கே செய்தால் பிழைக்க வழி உண்டு என்றாள்.

குன்தோரோவுக்கு வீட்டு நினைப்பு வந்தது. மனைவி ரெட்னோவுக்கு எட்டாம் மாதம். பெண்டாட்டி வயிற்றில் பிள்ளை இருக்கும்போது புருஷன் ஒரு கோழியைக்கூட அறுக்கக் கூடாது, அந்தக் காயம் பிள்ளை மேல் இறங்கும். ஜாவாவில் இதைச் சொல்லாத வீடு உண்டா? எட்டு மாதமாக எலிப்பொறிகூட வைக்காதவன் அவன், பாவி மனுஷன். அப்படித்தான் இந்த முதல் பிள்ளைக்காகப் பயந்து கிடந்தான்.

"நான் சரின்னு சொன்னா நானே அறுத்த மாதிரிதானே, டாக்டரம்மா?"

விடாரி மேசைக்குப் பின்னாலிருந்து எழுந்து நின்றாள். அங்கிக்குள் அவள் வயிறும் மேடிட்டிருந்தது.

"எனக்கு ஏழு மாசம். நேத்துதான் ஒரு பூனைக்கு ஆபரேஷன் பண்ணேன். கத்திக்கு இவ்ளோ பயப்படுறீங்களே, சும்மா இருக்கறதுக்குப் பயம் இல்லையா?"

குன்தோரோவுக்கு வெட்கமாகத்தான் இருந்தது. ஆனால் வெட்கத்தைவிடப் பயம் பெரிது. நாளைக்குச் சொல்கிறேன் என்று கூண்டைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டான். பக்கத்து வீட்டுக்காரர் பேச்சைக் கேட்டு வெந்நீர் ஆவி காட்டினான், எண்ணெய் தடவினான். முட்டை இருந்த இடத்திலேயே இருந்தது.

விடிந்ததும் கூண்டுத் துணியை விலக்கினான். ஸ்ரீகண்டி பக்கவாட்டில் கிடந்தது. உடம்பு விறைத்துவிட்டிருந்தது.

ரெட்னோ வந்து எட்டிப் பார்த்தாள்.

"அறுக்க விட்டீங்களா?"

"இல்ல. வேணாம்னுட்டேன்."

"அப்புறம் எப்படிச் செத்துச்சு?"

கொன்றது யார் என்று அவனுக்குத் தெரியும். வயிற்றுப் பிள்ளைக்கு ஒன்றும் ஆகக் கூடாது என்று வழக்கமாகச் சொல்லும் வார்த்தையை வாய்க்குள்ளேயே மூன்று தடவை முணுமுணுத்தான். கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம். பிறகு கொல்லையில் கொய்யா மரத்தடியில் கையாலேயே குழி பறித்துப் புதைத்தான்.

திரும்பி உள்ளே வந்தபோது ரெட்னோ கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். இரண்டு கையும் வயிற்றின் மேல் இருந்தன.

"நேத்து சாயங்காலத்துலேர்ந்து பிள்ளை அசையலங்க. தூங்குது போல. மத்தியானம் வரைக்கும் பாக்கலாமா?"

"பாக்க வேணாம். எழுந்திரு."

கைகூடக் கழுவாமல் மோட்டார் சைக்கிளை வெளியே தள்ளினான்.