ஹக்கரைனென் ஆணா பெண்ணா

சாவோ வட்டாரத்தைப் பற்றிப் பின்லாந்து முழுவதும் ஒரு சொலவடை உண்டு: சாவோக்காரர் வாயைத் திறந்தால் பொறுப்பு கேட்பவர் தலையில். டெல்லெர்வோ அந்த மண்ணில் பிறந்த பெண்மணி. முப்பத்தோராண்டுகள் அவர் எழுதிய தொலைக்காட்சித் தொடர்களின் வெற்றிக்கு இந்தப் பிறவிக் குணமே காரணம் என்பது என் துணிபு. அவருடைய மாந்தர் எவரும் காதலிப்பதாகச் சொன்னதில்லை. "உன் படகுல தண்ணி ஏறுதே, பாத்தியா" என்பார்கள், நாடே கண்ணைத் துடைத்துக்கொள்ளும்.

ஆனால் அத்தொடர்கள் அனைத்திலும் ஆண்கள் படகு ஓட்டினார்கள், பெண்கள் காப்பி ஊற்றினார்கள். டெல்லெர்வோவின் தோழியும் நடிகையுமான ராகெல் மட்டும் இருபத்தாறு தொடர்களில் ஊற்றியிருந்தார். "என் கல்லறையில பேரு வேண்டாம்டி, ஒரு காப்பிக் கெண்டியச் செதுக்கிடு" என்று அவர் ஒருநாள் சொன்னது டெல்லெர்வோவைத் தைத்துவிட்டது. அறுபதாவது வயதில் தம் முதல் திரைப்படத்தை எழுத உட்கார்ந்தபோது டெல்லெர்வோ அவரிடம் இவ்வளவுதான் சொன்னார்: "ஏரி உறையறதுக்குள்ள ஒருத்தி படகோட்டக் கத்துக்கிட்டா, அதனால கெட்டுப்போறது ஒண்ணுமில்ல."

பொறுப்பு ராகெலின் தலையில் ஏறியது. கார்களைச் சுமந்து ஏரியைக் கடக்கும் மஞ்சள் படகை ஓட்டப் பழகி, உரிமமும் வாங்கிவிட்டார்.

பின்னிஷ் மொழியில் அவனும் அவளும் ஒரே சொல்தான்: ஹேன். நாம் 'அவர்' என்று எழுதி ஆணா பெண்ணா என்பதை மறைத்துவிடுகிறோமே, அதுபோல. ஆனால் அவர்களுக்கு மறைக்கும் எண்ணமே கிடையாது. படத்தின் நாயகர், 'படகோட்டி ஹக்கரைனென்'. வெறும் குடும்பப் பெயர். எண்பத்தொன்பது பக்கங்களிலும் ஹேன் சிரித்தார், ஹேன் கயிற்றைக் கட்டினார், ஹேன் கரையைப் பார்த்தார். எழுதியவர் மனத்தில் அது ராகெல். அதற்குமேல் விளக்கம் எதற்கு?

நடிகர்கள் கூடித் திரைக்கதையை வாசிக்கும் நாள் வந்தது. மேசையின் தலைமாட்டில், ஹக்கரைனெனின் நாற்காலியில், தேவாலயக் கதவுபோல் அகன்ற தாடியுடன் நாடறிந்த நடிகர் வில்ப்பு உட்கார்ந்திருந்தார். இயக்குநர் ஓட்சோ, ராகெலுக்கு ஒதுக்கியிருந்தது கரையோரக் காப்பிக்கடை. வசனங்கள் நான்கு.

ராகெல் கைப்பையிலிருந்து உரிமத்தை எடுத்து மேசையில் வைத்தார். அதன்மேல் காப்பிக் கோப்பையை வைத்தார்.

டெல்லெர்வோ தமக்குத் தெரிந்த வழியில் முயன்றார். "தாடி நல்லாத்தான் இருக்கு. ஏரிக் காத்து அடிச்சா பறக்குமே."

"பறக்கட்டுமே! என்ன அழகா இருக்கும்!" என்றார் ஓட்சோ.

வாசிப்பு ஓடியது. ஒரு தட்டில் இலவங்கப்பட்டை பன்கள் குறைந்துகொண்டே வந்தன. அறுபத்திரண்டாம் பக்கத்தில் வில்ப்பு இருமினார்.

"ஒரு சந்தேகம். சவுனா குளியலறையில பொம்பளைங்க முறை நடக்குது. ஹக்கரைனென் துண்டோட உள்ள போறாரு. ஆறு பொம்பளைங்க இருக்காங்க, ஒருத்தியும் கத்தல. 'வா வா, முதுகத் தேய்ச்சு விடு'ங்கறாங்க. எங்கம்மா இன்னும் உயிரோட இருக்காங்க ஓட்சோ. நான் என்ன பதில் சொல்ல?"

"அதான்யா படத்தோட உயிரே!" ஓட்சோ எழுந்துவிட்டார். "வேலிய எல்லாம் தாண்டின மனுஷன்! அந்த ஒரு காட்சிக்கு நான் பதினாலு பக்கம் விளக்கம் எழுதிருக்கேன். சொல்லுங்க டெல்லெர்வோ, சரிதானே?"

"அப்படியும்... எடுத்துக்கலாம்," என்று தொடங்கினார் டெல்லெர்வோ.

"ஏண்டி!" ராகெல் கோப்பையை நகர்த்தினார், உரிமத்தின்மேல் காப்பி வட்டம். "முப்பது வருஷமா நீ சுத்தி வளைக்கறதுக்கெல்லாம் நான்தான் அர்த்தம் கண்டுபிடிச்சேன். ஒரே ஒரு தடவ நேரா சொல்லு."

டெல்லெர்வோ கண்களை மூடிக்கொண்டார்; குளிர்ந்த ஏரியில் குதிப்பவர் செய்வதும் அதுதான்.

"ஹக்கரைனென் பொம்பள. ஹக்கரைனென் ராகெல். முதல் பக்கத்துலேர்ந்தே."

பொறுப்பு முழுவதும் சொன்னவர் தலையிலேயே நின்ற அவருடைய முதல் வாக்கியம் அதுவாகத்தான் இருக்க வேண்டும். 

"திங்கக்கிழமை படப்பிடிப்பு!" ஓட்சோவின் குரல் உடைந்தது. "மொத்தத்தையும் திருத்தி எழுதணுமே!"

"ஒரு எழுத்துகூட மாத்த வேண்டாம்," என்றார் டெல்லெர்வோ.

ஓட்சோ பக்கங்களைப் புரட்டினார். ஹேன். ஹேன். ஹேன். கடைசிப் பக்கம்வரை சென்று, நம்பாமல் பின்னோக்கியும் புரட்டினார். முதலில் சிரித்தவர் வில்ப்பு. தாடி குலுங்க எழுந்து நின்றார்.

"காப்பிக்கடைக்காரரும் ஹேன்தானே?"

"ஹேன்தான்."

"கடைசிவரைக்கும் கரையிலயே இருப்பாரா?"

"கரையிலயே."

"நல்லா இரு மகராசி! தொட்டியில தண்ணி நிறைஞ்சாலே எனக்குத் தலை சுத்தும். நடிகன்னு சொல்லிட்டு அதை எப்படி வெளிய சொல்றது?"

நாற்காலிகள் மாறின. கண்ணீர் வரச் சிரித்து ஓய்ந்த கூட்டத்தில் ஓட்சோ மட்டும் முனகினார்: "என் பதினாலு பக்கம்?"

"விறகு ஈரமா இருந்தா," என்றார் பழையபடி ஆகிவிட்ட டெல்லெர்வோ, "காகிதம் கைகொடுக்கும்."

முதல் காட்சியிலிருந்து மீண்டும் தொடங்கினார்கள். வில்ப்பு மேசையிலிருந்த காப்பிக் கெண்டியைத் தூக்கி, தாடிக்குள்ளிருந்து தேனொழுகும் குரலில் வாசித்தார்:

"இன்னும் கொஞ்சம் ஊத்தட்டுமா?"

"வேண்டாம்," என்றார் ராகெல், காகிதத்தைப் பார்க்காமலே. "நேரமாச்சு. படகு கிளம்புது."