பிணம் எழுந்து நின்ற மதியக் காட்சி

அந்த வீட்டின் மூத்த பெண் நடித்து முடித்தது ஐந்து படங்கள், ஐந்திலும் செத்தாள். ஐந்தாவதில், தரையில் பிணமாகக் கிடந்தவள், அவளுடைய பெரியப்பா தியேட்டருக்குள் நுழைந்ததும் திரையில் எழுந்து நின்றாள். படம் எடுத்து முடித்து அப்போது நான்கு மாதம் ஆகியிருந்தது.

பெரியப்பா முப்பத்தொரு வருடம் நீதிமன்றத்தில் தலைமை எழுத்தராக இருந்தவர். அவர் உள்ளே வந்தால் இருக்கிறவர்கள் எழ வேண்டும், அவர் 'உட்காரு' என்று சொல்லும்வரை நிற்க வேண்டும் என்பது அந்த வீட்டுச் சட்டம். காலில் மாவுக்கட்டோடு இருந்த ஆறு வயதிலும் அவள் சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்தவள்தான். இருபத்திரண்டில் படத்தில் நடிக்கப் போனாள். மூடிக்கிடந்த ஐஸ் பேக்டரி ஒன்றில் எடுக்கப்பட்ட பேய்ப் படங்கள். எதையும் இரண்டாம் தடவை எடுக்கும் அளவுக்குப் பிலிம் கிடையாது என்பதால் டைரக்டருக்கு ஒரே டேக் என்று பெயர். பிணத்தின் மூக்கில் ஈ உட்கார்ந்தால் அந்த ஈயும் படத்தில் இருக்கும். கண்ணைத் திறந்தபடி நான்கு நிமிடம் இமைக்காமல் கிடக்க அவளால் முடிந்தது. அதனால் எல்லாப் படத்திலும் இடைவேளைக்குள் அவளைக் கொன்றார்கள். பத்திரிகைகள் ஒரு வரி எழுதவில்லை. ஆனால் ஒவ்வொரு படத்தையும் பத்துத் தடவை பார்க்கிற ஒரு கூட்டம் சேர்ந்தது.

தங்கைக்கு வரன் அமைந்த நேரத்தில் மாப்பிள்ளையின் மாமா சுவரொட்டியைப் பார்த்துவிட்டார். "அது எங்க பொண்ணு இல்ல, முகஜாடை" என்று பெரியப்பா வாழ்நாளில் முதல் பொய்யைச் சொன்னார். அதையே கடிதமாக எழுதி அவளிடம் நீட்டினார்.

"செத்தது நான்தான் பெரியப்பா. சந்தேகம்னா இங்கயே செத்துக் காட்டவா?"

"தங்கச்சி வாழ்க்கையைக் கெடுக்காதே. கையெழுத்துப் போடு."

"என் மூஞ்சியை நானே இல்லேன்னு சொல்ல மாட்டேன்."

மாமாவோ, "நேர்ல பாத்துட்டு, திரைக்கு முன்னாடி அதையே சொல்லுங்க" என்று பிடிவாதமாக நின்றார். இருவரும் மதியக் காட்சிக்குப் போனார்கள். கொஞ்சம் தாமதம், கொலை முடிந்துவிட்டது. பெரியப்பா மூன்றாவது வரிசைக்கு வந்ததும் பிணம் கையை ஊன்றி எழுந்து, நெற்றி ரத்தத்தைத் துடைத்துக்கொண்டு, நேராக அவரைப் பார்த்து நின்றது. தலை மட்டும் குனியவில்லை. கூட்டம் திரும்பிப் பெரியப்பாவைப் பார்த்தது.

"என்ன சார், உங்க பொண்ணு இல்லேன்னீங்களே?" என்றார் மாமா.

பெரியப்பா கடிதத்தை நான்காகக் கிழித்தார். "என்னைப் பாத்து எழுந்திரிச்சா பாருங்க. வேற எந்த வீட்டுப் பொண்ணுக்குச் செத்த பிறகும் மரியாதை தெரியும்? எங்க பொண்ணுதான். உங்களுக்கு இஷ்டம் இல்லேன்னா வாசல் அந்தப் பக்கம்."

அந்தச் சம்பந்தம் அதோடு முறிந்தது. தங்கை அடுத்த வருடம், அக்காவின் ஐந்து படங்களையும் பார்த்திருந்த ஒரு கணக்கு வாத்தியாரைக் கட்டிக்கொண்டாள். ஆறாவது படத்தில் எத்தனை முறை கோடாரியால் வெட்டியும் அக்கா விழவில்லை. படத்தைப் பாதியில் விட்டுவிட்டு 'ஒரே டேக்' டைரக்டர் கேமராவை மூட்டை கட்டினார். அவள் அதற்காக வருந்தவில்லை, கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் பள்ளி ஒன்றைத் தொடங்கி முப்பது வருடம் நடத்தினாள்.

அன்று தியேட்டரைவிட்டு வெளியேறும்போது பெரியப்பா 'உட்காரு' என்று சொல்லவில்லை. மறந்துபோனார் என்று சிலர் சொல்வதுண்டு. அவர் எதையும் மறக்கிற ஆள் இல்லை. அந்தப் படத்தின் எல்லாப் பிரதியிலும் அவள் இன்றும் நின்றுகொண்டிருக்கிறாள். கொலைகாரன் அவளைச் சுற்றிக்கொண்டு போகிறான்.