சட்டத்தரணி சீமோனின் இரண்டு தேர்தல்கள்

தொண்ணூற்றோராம் ஆண்டு, ஸ்காபரோவில் ஒரு மரக்கறிக் கடைக்கு மேல்மாடியில் இருந்த குடிவரவு ஆலோசனை அலுவலகத்தில் மொழிபெயர்ப்பாளராகச் சேர்ந்தேன். அங்கே அகதி வழக்குகளைத் தயாரித்து விசாரணைக்குக் கொண்டுபோகிறவர் சீமோன் கொண்ட்வே. மலாவி நாட்டுக்காரர். ஐம்பதை நெருங்கிய வயது, நல்ல உயரம், தாழ்ந்த குரல்.

தன் நாட்டில் அவர் சட்டத்தரணி. அங்கே அப்போது ஒரே கட்சி, ஆயுள் முழுக்க ஒரே சனாதிபதி. கூட்டமொன்றில் ஏதோ பேசிவிட்டதாகப் பிடிபட்ட ஆசிரியர் ஒருவருக்காக சீமோன் நீதிமன்றத்தில் வாதாடினார். அடுத்த வாரம் அவரையே பிடித்தார்கள். வழக்கும் இல்லை, தீர்ப்பும் இல்லை. மூன்று வருடம் உள்ளே. வெளியே விட்ட கையோடு, மனைவி மக்டலீனையும் தான் சிறையில் இருக்கும்போது பிறந்த மகளையும் கூட்டிக்கொண்டு எல்லை கடந்து சாம்பியாவுக்குப் போய், அங்கிருந்து ரொறன்ரோ வந்து சேர்ந்தார். இங்கே அவருடைய பட்டம் செல்லவில்லை. சில வருடம் ஹோட்டலில் கோப்பை கழுவினார். அகதி விசாரணையில் ஆலோசகர்களும் பேசலாம் என்று அறிந்த பிறகுதான் இந்த வேலைக்கு வந்தார்.

எங்களிடம் வருகிறவர்களில் முக்கால்வாசிப் பேர் யாழ்ப்பாணத்தவர். சீமோனைக் கண்டதும் சிலருக்கு முகம் சுருங்கும். ஊரில் தபாற்கந்தோரில் வேலை செய்த தியாகலிங்கம் என்பவர் என்னைத் தனியே கூப்பிட்டு, “பிள்ளை, எங்கட ஆக்கள் ஒருத்தரும் இல்லையோ?” என்று கேட்டார். நான் அதை மொழிபெயர்க்கவில்லை. ஆனாலும் சீமோனுக்கு விளங்கியிருக்கும்.

தியாகலிங்கம் ஏழு மாதம் இராணுவ முகாமில் அடைபட்டிருந்தவர். அதைப் பற்றிக் கேட்டால், அடித்தார்கள் என்ற ஒரு சொல்லோடு நிறுத்திவிடுவார். விசாரணைக்கு அது போதாது. நான்காவது சந்திப்பில் சீமோன் பேனையை மூடி வைத்துவிட்டுத் தன் சிறையைப் பற்றிச் சொல்லத் தொடங்கினார். ஒரே அறையில் இருபத்தெட்டுப் பேர் முறை வைத்துப் படுத்ததையும், வெளியே வந்து ஒரு வருடம் கதவுக்கு முதுகைக் காட்டி உட்கார முடியாமல் இருந்ததையும் சொன்னார். நான் தமிழில் சொல்லச் சொல்ல, தியாகலிங்கம் தலையைக் குனிந்துகொண்டு கேட்டார். பிறகு தானாகவே பேசத் தொடங்கி இரண்டு மணித்தியாலம் பேசினார். அந்த வழக்கு வென்றது. அன்றிலிருந்து சீமோன் அவருக்கு ‘எங்கட லோயர்’.

தொண்ணூற்று மூன்றில் மலாவியில் பல கட்சிகள் வேண்டுமா என்று வாக்கெடுப்பு நடந்தது. சனம் வேண்டும் என்றது. வெளிநாட்டில் இருப்பவர்கள் திரும்பி வரலாம் என்று அறிவித்தார்கள். அடுத்த மே மாதம் தேர்தல். சொந்த ஊர்த் தொகுதியில் நிற்கும்படி பழைய நண்பர்கள் சீமோனுக்கு ஃபக்ஸ் அனுப்பினார்கள். அந்தத் தாளை ஒரு கிழமை சட்டைப் பையில் வைத்துத் திரிந்த பிறகே மக்டலீனிடம் காட்டினார்.

மக்டலீன் முதியோர் இல்லமொன்றில் தாதி உதவியாளர். அவர்கள் அஜக்ஸில் வீடு வாங்கி ஒரு வருடம்கூட ஆகவில்லை. ஆனால் அவள் சண்டை பிடிக்கவில்லை. கனடாக் குடியுரிமைக்கு விண்ணப்பிக்காமல் அவர் தள்ளிப்போட்டுக்கொண்டு வந்தபோதே, ஒருநாள் திரும்பிப் போவார் என்று தனக்குத் தெரியும் என என்னிடம் பிறகு சொன்னாள். அவரிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டாளாம். அவர்கள் பேசியது வேறு மொழி. அவள் சொன்னபோது எனக்கு அது எங்கள் பேச்சாகவே காதில் விழுந்தது.

“நீங்கள் வெல்லுறியளோ தோக்கிறியளோ, எனக்குத் தேவையில்லை. வாக்கு எண்ணி முடியேக்க வெளியில நிக்கவேணும்.”

பெப்ரவரியில் சீமோன் போனார். கிழமைக்கொருமுறை அழைப்பார். அவரை எதிர்த்து நின்ற ஆளும் கட்சிக்காரர், அவரைச் சிறையில் போட்ட காலத்தில் அந்த மாவட்டத்தில் பெரிய அதிகாரியாக இருந்தவர். ஏப்ரலில், சீமோனின் கூட்டத்துக்கு ஒலிபெருக்கி கொடுத்த ஒருவரைப் பொலிஸ் கொண்டுபோய் இரண்டு நாள் வைத்திருந்தது. அதைக் கேட்ட பிறகு மக்டலீனுக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

தேர்தல் செவ்வாய்க்கிழமை நடந்தது. புதன் முழுக்க அழைப்பு வரவில்லை. நாங்கள் எடுத்தாலும் லைன் கிடைக்கவில்லை. வியாழன் காலை நான் லீவு போட்டுவிட்டு ரயிலேறி அஜக்ஸுக்குப் போனேன். மகளைப் பள்ளிக்கு அனுப்பிவிட்டு, தானும் வேலைக்குப் புறப்பட்டு, போக முடியாமல் வேலை உடுப்போடு சமையலறையில் நின்றாள் மக்டலீன். தேத்தண்ணீர் போட்டோம், இருவரும் குடிக்கவில்லை. என் தம்பி பஸ்ரியன் கொழும்பில் பிடிபட்டு ஒன்பது நாள் தகவல் இல்லாமல் இருந்தபோது நானும் இப்படி நின்றவள்தான். அதனால், ஒன்றும் நடக்காது என்று அவளிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

பத்தே முக்காலுக்குத் தொலைபேசி அடித்தது. மக்டலீன் ஹலோகூடச் சொல்லவில்லை.

“எங்க நிக்கிறியள்?”

“வெளியிலயோ? வெளியிலதானோ?” என்று திரும்பத் திரும்பக் கேட்டாள். பிறகு, கன்னத்தில் கண்ணீர் ஓட ஓடச் சிரித்தாள். வென்றாரா என்று கேட்கத் தோன்றாமல் ரிசீவரை என்னிடம் நீட்டிவிட்டாள். நான்தான் கேட்டேன். ஆயிரத்துச் சொச்சம் வாக்குகளால் வென்றிருந்தார்.

கடைசிப் பெட்டி எண்ணி முடிந்ததும் ஒரு பொலிஸ் அதிகாரி கூட்டத்தை விலக்கிக்கொண்டு நேரே தன்னிடம் வந்ததாகச் சீமோன் சொன்னார். முன்பு பிடித்தபோதும் அப்படித்தான் வந்தார்களாம். இந்த முறை, பிடித்தால் உதவட்டும் என்று, பல் துலக்கும் பிரஷ்ஷைக் கோட்டுப் பையில் வைத்துக்கொண்டே போயிருந்தார். அதைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு எழுந்து நின்றார். அதிகாரி சலூட் அடித்து, வாசலில் சனம் நெரிகிறது, எந்தப் பக்கத்தால் வீட்டுக்குப் போகப் போகிறீர்கள், சனத்தை விலக்கி வழி விடுகிறேன் என்றாராம்.

“பிரஷ்ஷைப் பையிலேயே விட்டிட்டு, பின்பக்கத்தால எண்டு சொன்னன், வேரோனிக்கா,” என்றார்.

அடுத்த வருடம் மக்டலீன் அஜக்ஸ் வீட்டை விற்றுவிட்டு மகளோடு அவரிடம் போனாள். சீமோன் பாராளுமன்றத்தில் ஐந்து வருடம் இருந்தார். சிறைச்சாலைகளைப் பார்வையிடும் குழுவில் கேட்டு வாங்கிச் சேர்ந்தார். வழக்கில்லாமல் அடைபட்டுக் கிடந்தவர்களின் பெயர்களைச் சபையில் எழுந்து நின்று ஒவ்வொன்றாக வாசித்தார் என்று மக்டலீன் எழுதியிருந்தாள். அமைச்சர் பதவி கிடைக்கவில்லை. அவருடைய கட்சிக்காரருக்கே அவர் பேச்சு அவ்வளவாகப் பிடிக்கவில்லை போல.

தொண்ணூற்றொன்பது ஜூனில் அலுவலகத்துக்கு அழைப்பு வந்தது. இரண்டாவது தேர்தல் முடிந்து மூன்றாம் நாள்.

“தோத்துப் போனன்,” என்றார் சீமோன். “சும்மா இல்லை, நல்லாத் தோத்தன்.”

இனி என்ன நடக்கும் என்று பயந்து கேட்டேன். அவர் வயிறு குலுங்கச் சிரித்தார். வென்றவரின் கையைக் குலுக்கிவிட்டுத் தானே காரை ஓட்டிக்கொண்டு வீட்டுக்குப் போனாராம். மக்டலீன் மீன் பொரித்து வைத்திருந்தாள். சாப்பிட்டுப் படுத்து விடிய ஒன்பது மணிக்குத்தான் எழும்பினார். யாரும் வந்து கதவைத் தட்டவில்லை. திங்கட்கிழமை நகரத்தில் தன் பெயரிலேயே மறுபடி சட்ட அலுவலகம் திறக்கப் போகிறார். இப்போதே இரண்டு பேர் வழக்கோடு வந்துவிட்டார்கள்.

அன்று பின்னேரம் தியாகலிங்கத்துக்கு அழைத்துச் சொன்னேன். அவர் இப்போது குடும்பத்தோடு பிக்கரிங்கில் இருக்கிறார்.

“தோத்த ஆளை ஒண்டும் செய்யேல்லையோ?”

“இல்லை, அண்ணை.”

மறுபக்கத்தில் அவர் நீளமாக மூச்சு விட்டது கேட்டது. “அப்ப எங்கட லோயரின்ர நம்பரைத் தா, பிள்ளை. ஞாயிற்றுக்கிழமை எடுத்துக் கதைக்கிறன்,” என்றார்.