காவல் கைமாறிய ஞாயிறு

கூதிர் கழிந்து முன்பனி இறங்கும் பருவம் அது. கடலும் மலையும் ஒரே சாம்பல் நிறம் பூண்டு, எது நீர், எது கல் என்று பிரித்தறிய இயலாதபடி ஒடுங்கிக் கிடந்தன. கதிரவன் நாள்தோறும் தென்மலையின் தோள்வரை ஏறி, தளர்ந்த விருந்தினனைப் போலச் சற்றே அமர்ந்து, சொல்லிக்கொள்ளாமல் எழுந்து போய்க்கொண்டிருந்தான். இன்னும் சில வாரங்களில் அந்த வருகையும் நின்றுவிடும். துறையில் படகுகள் கயிற்றோடு முனகின. மீன் உலர்த்தும் மரச்சட்டங்கள் வெறுமையாய் நின்றன. இறந்தோர் கல்லறைகளில் விளக்கேற்றும் புனிதர் ஞாயிறு விடிந்தபோது, வடதுருவத்தை ஒட்டிய எங்கள் ஸ்கார்விக் ஊரின்மீது கணுக்கால் புதையுமளவு ஈரப்பனி பெய்து ஓய்ந்திருந்தது.

அன்றுதான் ஊர்க் கால்பந்து அணிக்குப் பருவத்தின் கடைசி ஆட்டம். சமன் செய்தால் இரண்டாம் பிரிவில் நிலைக்கலாம். தோற்றால் இறங்கிவிட வேண்டும். அணித்தலைவனும் நடுத் தற்காப்பாளனுமாகிய ஓஸ்முனுக்கோ அது வாழ்நாளின் கடைசி ஆட்டம். வசந்தத்திலேயே அவன் அதை அறிவித்திருந்தான்.

ஆட்டநாளில் பனி விழுந்தால் ஊரே மண்வாரியோடு திடலுக்கு வருவது எங்கள் வழக்கம். துக்னாட் என்போம். கூலியில்லை, கட்டாயமில்லை. வராதவரை யாரும் குறை சொல்வதில்லை, மறப்பதுமில்லை. ஆடுபவர்கள் வரவேண்டாம் என்று பயிற்சியாளன் திரிக்வே முந்தைய மாலையே செய்தி அனுப்பியிருந்தான். ஆயினும் ஓஸ்முன் வாசலில் நின்று கையுறை மாட்டிக்கொண்டிருந்தான்.

“திரிக்வே வர வேணாம்னுதானே சொல்லியிருக்கான்?” என்றாள் அவன் மனைவி இங்குன்.

“ஊரே பனி வாருறப்ப கேப்டன் வீட்ல உக்காந்து காப்பி குடிச்சான்னு பேசுவாங்க.”

“பேசட்டுமே. முட்டி அவங்களோடதா?”

“பரவாயில்ல, இங்குன்.”

இந்த ஒரு சொல்லின்மேல்தான் அவன் தன் ஆட்ட வாழ்வை முழுவதும் கட்டியிருந்தான். பதின்ம வயதில் தெற்கே பெர்கன் நகர அணிக்கு ஆடப் போனபோதும், டென்மார்க்கில் விலா எலும்பு முறிந்தபோதும், நாட்டு அணியின் சட்டை அணிந்து ஒரு மாலை முழுவதும் காத்திருந்து, களமிறங்காமலே சட்டையை மடித்து வைத்தபோதும், கேட்டவர்க்கெல்லாம் அவன் தந்த விடை அதுவே. கோல் அடித்தவர்களின் பெயரை ஊர்கள் பாடும். கோல் விழாமல் காத்தவனை, அவன் தவறும் நாளில் மட்டுமே நினைக்கும். அப்படி நினைக்கப்படாமலே ஆடி முடித்து ஊர் திரும்பியதில் அவனுக்கு ஒரு பெருமிதம் உண்டு. அசதியும் உண்டு, அண்மைக் காலமாக அதுவே மிகுதி.

திடலின் நடுவை வண்டி வழித்துச் சென்றிருந்தது. மூலைகளிலும் வலைகளின் அடியிலும் கையால் வாரவேண்டும். வடக்கு மூலையில் யூஸ்டைன் ஏற்கெனவே வாரிக்கொண்டிருந்தான். ஓஸ்முனின் இடத்துக்கு மாற்றாளாக எடுக்கப்பட்டு, ஓஸ்முன் ஒருபோதும் விலகாததால் ஆண்டுக்கணக்கில் காத்திருப்பு இருக்கையிலேயே முப்பதை நெருங்கிவிட்டவன்.

“என்ன கெழவா, மேட்சுக்கு முன்னாடியே வேர்த்துக் கொட்டுது?”

“நீ எதுக்கு வந்தே? பெஞ்சைத் தொடைக்கவா?”

“அதைப் பத்திப் பேசாதே. எனக்குன்னு இருக்கிற ஒரே சொத்து அது.”

இருவரும் சிரித்தார்கள். ஓஸ்முன் ஈரப்பனியைக் குவியலாக வாரி, பக்கவாட்டில் திரும்பி வீசினான். உடல் திரும்பியது, ஊன்றிய வலக்கால் திரும்பவில்லை. முட்டிக்குள் ஏதோ இடம்பெயர்ந்து சிக்கிக்கொண்டது. மண்வாரியைக் கைத்தடியாகப் பற்றி அவன் சற்று நேரம் அசையாமல் நின்றான். யூஸ்டைன் நிமிர்ந்து பார்த்தான்.

“பரவாயில்ல,” என்றான் ஓஸ்முன், யாரும் கேட்பதற்கு முன்பே.

யூஸ்டைன் மீண்டும் குனிந்து வாரலானான்.

வேலை முடிந்ததும் கூடத்தில் வாஃபிளும் பழுப்புச் சீஸும் காப்பியும் வந்தன. ஓஸ்முன் நின்றபடியே தின்றான். உட்கார்ந்தால் எழ முடியாதென்று அவனுக்குத் தெரியும்.

நண்பகல் தாண்டி உடைமாற்றும் அறையில் திரிக்வே ஒவ்வொருவரிடமும் வந்து நின்றான். முன்பு ஓஸ்முனின் தோளோடு தோள் நின்று காத்தவன். அவனைவிட வயதில் இளையவன்.

“முட்டி எப்படி?”

“பரவாயில்ல.”

திரிக்வே தலையசைத்து அடுத்தவனிடம் போனான். ஓஸ்முன் காலணியின் கயிற்றைக் கட்டக் குனிந்தான். முட்டி மடங்கவில்லை. வெளியே ஊர் அவன் பெயரைச் சொல்லிக் கைதட்டுவது சுவர் வழியே கேட்டது. தன்னைப் பாடாத ஊர் இன்று பாடுகிறது. சொல்லிவிட்டால் அந்தப் பாட்டுக்குள் நடந்து போக இயலாது. சொல்லாவிட்டால், எதிரணியின் விரைந்தோடும் முன்கள வீரன் இந்தக் காலைக் கடந்து ஒருமுறை போனால் போதும், ஊர் இறங்கிவிடும்.

அருகே அமர்ந்திருந்த யூஸ்டைன், முகத்தைத் திருப்பாமல் தாழ்ந்த குரலில் பேசினான்.

“நான் பாத்தேன், ஓஸ்முன்.”

“அப்புறம் ஏன் சொல்லல?”

“நான் சொன்னா, உன் எடத்துக்கு ஆசைப்பட்டுச் சொன்னேன்னு ஆயிடும். ஆசை இருக்கு. அதான் சொல்லல.”

ஓஸ்முன் அவனைப் பார்த்தான். இத்தனை ஆண்டுகளும் தான் காத்தது திடலை; இவன் காத்தது நாவை. இரண்டில் எது கடினம் என்று அவனுக்கு உடனே சொல்லத் தெரியவில்லை. சுவரைப் பிடித்து எழுந்து, திரிக்வேயிடம் நொண்டி நடந்தான்.

“முடியல, திரிக்வே.”

அந்த வாயிலிருந்து அந்தச் சொல்லைக் கேட்டறியாத திரிக்வே விழித்தான். “என்ன முடியல?”

“முட்டி பூட்டிக்கிச்சு. யூஸ்டைனை எறக்கு.”

“காலைல மம்பட்டி புடிச்சியா?”

“மண்வாரி. எல்லாரும் புடிச்சாங்க.”

“எல்லாருமா இன்னிக்கு ஆடுறாங்க? மடையா.” திரிக்வே கண்களை அழுத்தித் துடைத்துக்கொண்டான். “சரி. கடைசியில ஒரு நிமிஷம் எறங்கு. சும்மா நில்லு. ஊர் கைதட்டிட்டுப் போகட்டும்.”

“அந்த ஒரு நிமிஷத்துல ஒரு கோல் விழும். நமக்குப் புள்ளி வேணும். கைதட்டு வேணாம்.”

யூஸ்டைன் களமிறங்கினான். ஓஸ்முன் கம்பளி போர்த்தி, யூஸ்டைனின் இருக்கையில் அமர்ந்தான். அங்கிருந்து பார்க்கத் திடல் வேறொன்றாய் இருந்தது: நீண்டது, கைக்கு எட்டாதது. அந்த இருக்கையின் குளிர் எலும்புவரை ஏறும் என்பதையும் அவன் அன்றுதான் அறிந்தான். முதற்பாதியிலேயே யூஸ்டைன் ஒரு பந்தைத் தவறவிட்டான். எதிரணி வீரன் அடித்தது கம்பத்தில் பட்டு ஒலித்துத் திரும்பியது. பாய்ந்தெழ முனைந்த ஓஸ்முனை முட்டி இழுத்து அமர்த்தியது. அதன்பின் யூஸ்டைன் தவறவில்லை. அழகில்லாத ஆட்டம், உதையும் தள்ளலும் சேறாகிய பனியுமாய் நகர்ந்து, கோலின்றி முடிந்தது. ஊர் பிழைத்தது. மக்கள் ஓஸ்முனின் பெயரைச் சொல்லி அழைத்தார்கள். அவன் அமர்ந்தபடியே ஒரு கையை உயர்த்தி, அந்தக் கையால் யூஸ்டைனைச் சுட்டினான்.

இருள் கவிந்தபோது தேவாலயத்தின் பின்னே கல்லறைகள்தோறும் சுடர்கள் நின்றன. கோலுக்குப் பின்னே நின்று ஆட்டம் தவறாமல் பார்த்தும் ஒரு சொல்லும் புகழாத தந்தையின் கல்லின்முன் ஓஸ்முன் நின்றான். கையில் மெழுகுவிளக்கு இருந்தது. மண்டியிட முயன்றான். இயலவில்லை.

இரு வரிசை தள்ளித் தன் தாயின் கல்லில் விளக்கேற்றிய யூஸ்டைன் அருகில் வந்தான். செயற்கைப் புல்திடலின் கரிய ரப்பர்த் துகள்கள் இன்னும் அவன் தலைமுடியில் இருந்தன.

“குனிய முடியலையா?”

“முடியல,” என்றான் ஓஸ்முன். இம்முறை அந்தச் சொல் எளிதாக வந்தது.

யூஸ்டைன் விளக்கை வாங்கி மண்டியிட்டான். கல்லின்மேல் உறைந்திருந்த பனியை வெறுங்கையால் துடைத்து, காற்றைத் தோளால் மறைத்துச் சுடரேற்றி வைத்தான். ஓஸ்முன் தொப்பியைக் கழற்றிக் கைகுவித்து, ஆண்டவர் கற்பித்த செபத்தை உதடசையாமல் சொல்லி முடித்தான். பிறகு, மண்டியிட்டிருந்தவனின் தலைமேல் மெல்லக் கை வைத்தான்.

“கர்த்தர் உன்னைக் காக்கட்டும், யூஸ்டைன். நீ நிக்கிற எடத்தையும், உன் காலு ரெண்டையும் காக்கட்டும். முடியாதப்ப முடியலன்னு சொல்ற தைரியத்தையும் குடுக்கட்டும். நல்லா இரு.”