பதினேழாம் கல்

நில அளவையரை அலுவலகத்தில் அனைவரும் 'நூல்' என்றே அழைத்தனர். இருபத்தாறு ஆண்டுக்காலப் பணியில் அவர் இழுத்த கோடு எதுவும் இம்மியும் பிசகியதில்லை என்பதே அப்பெயருக்குக் காரணம். வழியில் பாறை குறுக்கிட்டால் பாறையின்மீது ஏறுவார். சேறு குறுக்கிட்டால் முழங்கால்வரை சேற்றில் இறங்குவார். மரம் குறுக்கிட்டால் சிறிதும் தயங்காமல் அதனை வெட்டச் சொல்வார். "நூலு வருது, ஒதுங்கிக்கோங்கப்பா" என்று சன்னலுக்கு வெளியே நிற்கும் மரங்களைப் பார்த்து வரைவாளர் கேலி பேசுவதும் உண்டு. அத்தகைய மனிதர் தம் வாழ்நாளில் ஒரேயொரு முறை கோட்டை வளைத்தார்.

மலைச்சரிவின் கீழ்ப்பகுதியைக் குலுக்கல் முறையில் பிரித்துச் சாகுபடிக்குத் திறந்துவிடுவது என்று மேலிடம் முடிவு செய்திருந்தது. கோட்டுக்குக் கீழே வயல், கோட்டுக்கு மேலே காடு. அந்தக் கோட்டை அளந்து, அரைக் கிலோமீட்டருக்கு ஒரு கல் வீதம் நடும் பொறுப்பு அளவையரிடம் ஒப்படைக்கப்பட்டது. பதினாறு கற்கள் எவ்வித இடையூறுமின்றி நடப்பட்டன. பதினேழாம் கல் நட வேண்டிய இடத்தில், நான்கு பேர் கைகோத்தாலும் அணைக்க இயலாத ஒரு மரம் நின்றுகொண்டிருந்தது. அதன் பொந்தினுள் ஓர் இருவாச்சி அடைகாத்துக்கொண்டிருந்தது.

இருவாச்சியின் பெட்டை முட்டையிடும் காலத்தில் பொந்துக்குள் புகுந்து, வாசலைத் தானே மண்ணாலும் எச்சத்தாலும் பூசி அடைத்துக்கொள்ளும். உள்ளே சென்றபின் அதன் சிறகின் இறகுகள் உதிர்ந்துவிடும். மீண்டும் முளைக்கும்வரை அதனால் பறக்க இயலாது. விரலகலப் பிளவு ஒன்றே அதற்கும் உலகுக்கும் உள்ள தொடர்பு. அப்பிளவின் வழியாக ஆண்பறவை மாதக்கணக்கில் பழம் ஊட்டும்.

வெட்டுக்கத்தியுடன் வந்த ஆட்கள் மரத்தடியில் உட்கார்ந்து உத்தரவுக்காகக் காத்திருந்தனர். அளவையர் அண்ணாந்து பார்த்தார். ஆண்பறவை பிளவருகே தொற்றிக்கொண்டு, தொண்டையிலிருந்து அத்திப்பழங்களை ஒவ்வொன்றாகக் கக்கி எடுத்து, அலகு நுனியால் உள்ளே நீட்டிற்று. உள்ளிருந்து இன்னோர் அலகு அதனைப் பெற்றுக்கொண்டது. அளவையரின் மனைவி தம் இறுதி நான்கு மாதங்களை ஒரே அறையில், ஒரே கட்டிலில் கழித்தவர். காலையும் மாலையும் கஞ்சியை ஆற்றி, கரண்டியால் ஊட்டியவர் அளவையரே. ஏழாண்டுகளுக்கு முன் நடந்தது அது. அந்தக் கரண்டி இன்னும் சமையலறையில் ஆணியில் தொங்குகிறது. அவர் அதனைப் பயன்படுத்துவதில்லை.

"மரத்த விடுங்க. கல்ல அந்தப் பக்கம் தள்ளி நடுவோம்" என்றார்.

கீழ்ப்புறம் செங்குத்தான பள்ளம் என்பதால், கல் மேல்புறமாக, காட்டின் பக்கம், பன்னிரண்டு மீட்டர் தள்ளி நடப்பட்டது. மரத்தில் சிவப்புச் சாயத்தால் தம் குறியை இட்டு, அளவைக் குறிப்பேட்டின் ஓரத்தில் 'மரம் பொருட்டு ஒதுக்கம்' என்று பென்சிலால் எழுதிவிட்டு, அவர் மீண்டும் பழைய கோட்டுக்குத் திரும்பிப் பதினெட்டாம் கல்லை உரிய இடத்திலேயே நட்டார். மரத்தைக் காப்பாற்றிவிட்டோம் என்ற நிறைவு அன்று அவர் நடையிலேயே தெரிந்தது. அவ்வளவு கணக்கறிந்த மனிதருக்கு ஒரு கணக்கு மட்டும் அப்பொழுது தோன்றவில்லை.

ஒரு மாதம் சென்றபின் வரைவாளர் வரைபடத்தை அவர் மேசையில் விரித்தார்.

"என்ன நூலு, உங்க கோட்டுக்கு இடுப்பு ஒடிஞ்சிருக்கு? வயசாயிடுச்சா?"

அளவையர் குனிந்து பார்த்தார். பென்சில் குறிப்புகளை வரைவாளர்கள் வரைவதில்லை. கல்லையும் கல்லையும் நேர்கோட்டால் இணைப்பதே விதி. பதினாறிலிருந்து பதினேழுக்கும், பதினேழிலிருந்து பதினெட்டுக்கும் கோடு சாய்ந்து சென்றிருந்தது. பன்னிரண்டு மீட்டர் உயரமும் ஒரு கிலோமீட்டர் அடிப்பக்கமும் கொண்ட முக்கோணம். உள்ளங்கையில் பேனாவால் பெருக்கிப் பார்த்தார். ஒன்றரை ஏக்கர் காடு வயலாகியிருந்தது. காப்பாற்றியதாக அவர் எண்ணிய மரமும், ஆண்பறவை பழம் பறிக்கும் மூன்று அத்தி மரங்களும் அந்த ஒன்றரை ஏக்கருக்குள்ளேயே அகப்பட்டிருந்தன.

"சாயந்திரம் அஞ்சு மணி வரைக்கும் திருத்தச் சொல்லி எழுதிக் கொடுக்கலாம். அதுக்கப்புறம் முத்திரை விழுந்துடும்" என்றார் வரைவாளர்.

அளவையர் திருத்தப் படிவத்தை எடுத்துத் தேதியை எழுதிக்கொண்டிருந்தபோது தங்கை தொலைபேசியில் அழைத்தாள். அழுகிறாளா சிரிக்கிறாளா என்பது முதலில் விளங்கவில்லை.

"அண்ணே! குலுக்கல்ல நம்ம பேரு விழுந்துடுச்சு! நாலு ஏக்கர்! எங்க தெரியுமா? பதினேழாம் கல்லுக்குக் கீழ! நீ நட்ட கல்லுதானாமே, அண்ணே!"

தங்கையும் அவள் கணவரும் பத்தாண்டுகளில் மூன்று நிலங்களை மாற்றியவர்கள். காடு அழித்த மண் மூன்று ஆண்டுகள் கொடுக்கும். அதன்பின் மழை மேல்மண்ணை அள்ளிச் சென்றுவிட, அடியில் உள்ள செம்பாறை பல்லிளிக்கும். அவள் இவ்வாறு குரலுயர்த்தி மகிழ்ந்து அவர் கேட்டு வெகுகாலம் ஆகியிருந்தது.

"நல்லதும்மா. ரொம்ப நல்லது" என்றார்.

தொலைபேசியை வைத்தபின் படிவத்தை நான்காக மடித்து மேசையின் இழுப்பறைக்குள் போட்டார். நாலில் ஒன்றரை போனால் தங்கைக்கு என்ன மிஞ்சும் என்று மனம் கேட்டது. நிலம் தங்கையுடையது என்றால், நான்கு மரங்களை விட்டுவைக்கும்படி அவளிடம் கேட்டுக்கொள்ளலாமே என்றும் அதே மனம் சமாதானம் சொல்லிற்று. ஐந்து மணி அடித்தது.

வரும் ஞாயிறன்றே சென்று பேசிவிடுவது என்று அவர் தீர்மானித்திருந்தார். ஆயின் வெள்ளியன்று வேறோர் அளவைப்பணிக்கு அனுப்பிவிட்டார்கள். திரும்பிவரப் பதினைந்து நாள் ஆயிற்று.

அவர் சென்று இறங்கியபோது சரிவு முழுவதும் மரங்கள் கிடையாய்க் கிடந்தன. தகரக் கூரையிட்ட புதுக் கொட்டகையின் முன் தங்கையின் கணவர் ரம்பத்தின் பற்களை அரத்தால் தீட்டிக்கொண்டிருந்தார். அளவையரின் கண்கள் முதலில் பொந்து மரத்தைத் தேடின. அது மட்டும் தனியே நின்றிருந்தது. மூன்று அத்தி மரங்களும் இலை வாடாமல் தரையில் கிடந்தன. பழங்கள் நசுங்கி எறும்பு மொய்த்திருந்தது.

"வாங்க மச்சான்! ஒங்க கையெழுத்து மாதிரி மரத்துல சிவப்புக் குறி ஒண்ணு இருந்துது. அண்ணன் எதுக்கோ போட்டிருக்கு, அதத் தொடாதீங்கன்னு ஒங்க தங்கச்சி ஒரே பிடிவாதம். ரம்பத்துக்கு முன்னால நின்னுட்டா."

அளவையர் பொந்தைக் காட்டி விவரத்தைச் சொன்னார். இன்னும் ஆறு வாரம் பொறுத்தால் பறவை வெளியேறிவிடும் என்றார். கல்லைப் பற்றி மட்டும் வாய் திறக்கவில்லை.

"பிரசவ லீவா மச்சான்? அதுவும் ஆறு வாரம்! என் பொண்டாட்டிக்கே மூணு நாள்தான் கெடச்சுது."

"மூணு நாளா?" என்று கொட்டகைக்குள்ளிருந்து தங்கையின் குரல் வந்தது. "ரெண்டாம் நாளே களை எடுக்க அனுப்பின மகராசன் நீங்கதானே!"

மூவரும் சிரித்தனர். பிறகு மாப்பிள்ளை ரம்பத்தைக் கீழே வைத்தார்.

"மரத்த வெட்ட மாட்டேன் மச்சான், சத்தியமா. ஆனா நாளைக்கு நெருப்பு வெச்சாகணும். இன்னும் ரெண்டு வாரத்துல மழை. மொத பருவத்துல வெதைக்கலைன்னா நிலத்தத் திருப்பி எடுத்துக்குவாங்க. எனக்கும் இதெல்லாம் பார்க்கப் பிடிக்கல. பழைய மண்ணு களைச்சுப் போச்சு. நானுந்தான்."

 அன்று மாலைவரை மூவரும் பொந்து மரத்தைச் சுற்றி இருபது அடிக்குச் சருகுகளை வாரி அகற்றினர். பீப்பாய் பீப்பாயாகத் தண்ணீர் கொண்டுவந்து தரையை நனைத்தனர். மறுநாள் நண்பகலில் நெருப்பு வைக்கப்பட்டது. அது மரத்தைத் தீண்டவில்லை. ஆயினும் புகை எவருடைய சொல்லையும் கேட்பதில்லை. ஆண்பறவை புகைக்கு மேலே வட்டமிட்டு, கரகரத்த குரலில் நெடுநேரம் கூவியது.

அளவையர் பத்து நாள் விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டுக் கொட்டகையிலேயே தங்கினார். ஆண்பறவையின் வரவுகளைக் குறிப்பேட்டில் குறித்தார்; அளவையருக்கு வேறு எவ்வாறு துயரப்படத் தெரியும்? முதல் நாள் ஆண்பறவை நான்கு முறை வந்தது. மூன்றாம் நாள் இரு முறை. அத்திகள் இல்லாததால் அது பழத்துக்காக மலையின் மறுபுறம் செல்ல வேண்டியிருந்தது. மேலும், சாம்பல் வெளியில் தன்னந்தனியே நின்ற மரத்தில் அமர அது அஞ்சிற்று. ஐந்தாம் நாள் ஒரு முறை வந்தது, ஒரேயொரு பழம். ஆறாம் நாள் வரவில்லை. ஏழாம் நாளும் வரவில்லை.

ஏழாம் நாள் மாலை அவர் ஏணி கட்டி ஏறினார். சந்தையில் வாங்கிய பழத்தைத் துண்டாக்கிப் பிளவின் வழியே நீட்டினார். உள்ளிருந்து ஒரு கண் அவரைப் பார்த்தது. அலகு வந்து பழத்தைத் தட்டிக் கீழே தள்ளியது.

"என்னண்ணே, வாங்கிக்கிச்சா?" என்று கீழிருந்து தங்கை கேட்டாள்.

"இல்லம்மா."

"கரண்டியில வெச்சுக் குடுத்துப் பாரேன்" என்றாள் அவள். பிறகு, தான் சொன்னது என்னவென்று உணர்ந்தவளாய் ஏணியை இறுகப் பிடித்துக்கொண்டு வேறு பக்கம் பார்த்தாள்.

ஒன்பதாம் நாள் காலையில் பெட்டை சுவரை உடைத்தது. காய்ந்த மண்கட்டிகள் உதிரும் ஓசை கேட்டு மூவரும் ஓடினர். அது பொந்து வாயிலில் ஒரு கணம் நின்றது. பிறகு, சிறகு இருப்பதாகவே எண்ணி, வெளியே பாய்ந்தது.

கல்லைப்போல் விழுந்தது. இறகுக் குருத்துகள் மட்டும் முளைத்திருந்த இரு இறக்கைகளையும் விரித்துக்கொண்டு, சாம்பலில் காட்டை நோக்கித் தத்தித் தத்திச் சென்றது. பதினேழாம் கல்லுக்கு அப்பால் மரங்கள் பச்சையாக நின்றிருந்தன. தங்கை துண்டை விரித்துப் பிடிக்க ஓடினாள். அவள் நெருங்குவதற்குள் அது சாய்ந்துவிட்டது. துண்டில் ஏந்தியபோது சற்று நேரம் மூச்சிருந்தது, அதன்பின் இல்லை.

மரத்தடியிலிருந்து அது சாய்ந்த இடம்வரை அளவையரின் கால்கள் தாமாகவே அளந்தன. ஒன்பது மீட்டர். இன்னும் மூன்று மீட்டரில் கல்.

"பொந்துக்குள்ள?" என்று தங்கை கேட்டாள்.

அவர் ஏறிப் பார்த்தார். குஞ்சு ஒன்று. உடல் சில்லிட்டிருந்தது. கைக்குட்டையில் சுற்றி இறக்கினார். மாப்பிள்ளை மண்வெட்டியை எடுத்து, தாய் சாய்ந்த இடத்திலேயே குழி வெட்டினார். இரண்டையும் ஒன்றாக வைத்து மூடினர்.

அப்பொழுதுதான் அளவையர் சொன்னார். பன்னிரண்டு மீட்டரைச் சொன்னார், முக்கோணத்தைச் சொன்னார், இழுப்பறையில் மடித்துக் கிடக்கும் படிவத்தையும் சொன்னார்.

"இந்த ஒன்றரை ஏக்கர் காடும்மா. வயல் இல்ல. எனக்கு அன்னைக்கே தெரியும்."

தங்கை துண்டில் ஒட்டியிருந்த சாம்பலை உதறினாள்.

"அன்னைக்கே சொல்லியிருந்தா வேண்டாம்னு சொல்லியிருப்பேனே, அண்ணே" என்றாள். பிறகு, குரல் தாழ்ந்து, "சொல்லியிருப்பேனான்னு தெரியல" என்றாள்.

மறுநாளே அளவையர் தம் பிழையை ஒப்புக்கொண்டு மேலதிகாரிக்கு எழுதினார். மூன்றாம் நாள் பதில் வந்தது. ஆய்வு நாளில் நிலத்தில் எது நிற்கிறதோ அதுவே அந்நிலத்தின் வகை என்பது விதி. அங்கே இப்பொழுது நிற்பது ஒற்றை மரம். ஆகவே அது காடு இல்லை. கல் இருந்த இடத்திலேயே இருக்கலாம்.

அப்பதிலை எடுத்துக்கொண்டு அவர் சரிவுக்கு வந்தபோது முதல் மழை பெய்து ஓய்ந்திருந்தது. சாம்பல் கருஞ்சேறாகிக் காலில் ஒட்டியது. தங்கை மக்காச்சோள விதையை மடியில் கட்டிக்கொண்டு நின்றாள். கடிதத்தைப் படித்துவிட்டு மடித்து அவரிடமே கொடுத்தாள். ஈரம் காயுமுன் விதைத்தாக வேண்டும். அளவையர் செருப்பைக் கழற்றிவிட்டு, வரிசைக்குக் கயிறு பிடிக்க இறங்கினார்.

மாப்பிள்ளை கயிற்றின் மறுமுனையை இழுத்துக்கொண்டு மேலே சென்றார். பாதி வழியில், பொந்து மரத்தைக் கடந்து ஒன்பதாம் மீட்டரில், சிறு மண்மேட்டின் முன் நின்றார்.

"மச்சான், இந்த எடத்துல வரிசைய கொஞ்சம் வளைச்சுக்கட்டுமா?"

அளவையர் கயிற்றைக் கையில் இறுகச் சுற்றிக்கொண்டார். 

"வேண்டாம் மாப்ளே" என்றார். "நேராவே போங்க."