ஏட்டம்மா கேட்ட தேதி

பதவி உயர்வுப் பட்டியலை ஒட்டிய பசை காய்வதற்குள் ஏட்டம்மா அதை மூன்று முறை படித்துவிட்டாள். அவளுக்கு நாலு வருஷம் பின்னால் வேலைக்குச் சேர்ந்த 'மீசை' அதில் இருந்தான். அவள் இல்லை. தள்ளப்பட்டவர்கள் பட்டியலில் அவள் பெயருக்கு நேரே ஒரே வரி: 'ஓட்டத் தேர்வுக்கு வரவில்லை.'

அவளுக்குச் சுருக்கென்றது. தேர்வு நடந்த அன்று அவள் வீட்டில் காலை நீட்டிப் படுத்திருக்கவில்லை. நிறைமாதக் கைதி ஒருத்திக்கு வலி எடுக்க, ஆஸ்பத்திரிக் காவலுக்குப் போகச் சொன்னதே இதே அலுவலகம்தான். அன்றைக்குப் பணியில் இருந்த ஒரே பெண் போலீஸ் அவள். மாற்று ஆள் கேட்டு இரண்டு தடவை போன் செய்தாள். "பார்க்கலாம்" என்றார்கள். பார்த்தபாடில்லை.

மனு மேல் மனு போட்டாள். எல்லாம் கிணற்றில் போட்ட கல். கடைசியில் நீதிமன்றத்துக்குப் போனாள்.

மறுவாரமே கண்காணிப்பாளர் கூப்பிட்டனுப்பினார்.

"டிபார்ட்மென்ட் மேலயே கேஸா? வாபஸ் வாங்கிடும்மா. அடுத்த லிஸ்ட்ட நானே பார்த்துக்கறேன்."

"போன லிஸ்ட்டையும் நீங்கதான் சார் பார்த்துக்கிட்டீங்க."

அவர் முகம் கடுத்தது. "அன்னைக்கு டூட்டி போட்டதுக்கு ஆதாரம் இருக்கா? அந்தப் பதிவேடு எங்க இருக்குன்னே தெரியல."

"தேடிக்கறேன் சார்." விறைப்பாக சல்யூட் அடித்துவிட்டு வந்தாள்.

அவள் கணவர் தையல்காரர். விஷயத்தைக் கேட்டு மிஷினை நிறுத்தினார்.

"வேலைக்கே உலை வச்சிட்டா என்ன பண்ணுவே?"

"உங்களுக்குப் பட்டன் தைச்சுத் தரேன்."

"நீயா? இருக்கற நாலு வாடிக்கையும் ஓடிப்போயிடும்." சிரித்தவர், மறுபடி மிஷினை மிதித்தபடி சொன்னார்: "விடாதே. ஆஸ்பத்திரியில போய்ப் பாரு."

பிரசவ வார்டின் தலைமை நர்ஸ் அவளைப் பார்த்ததும் அடையாளம் கண்டுகொண்டாள்.

"மறப்பேனா? அந்தப் பொண்ணு கைய கட்டிலோட பூட்டச் சொல்லி உங்க ஆபீஸ்லேர்ந்து போன் வந்துச்சே, 'முதல்ல புள்ள பொறக்கட்டும்'னு நீங்க போட்ட சத்தத்துல வார்டே ஆடிப்போச்சு."

வார்டுப் பதிவேட்டில் இருந்தது: காலை ஆறரைக்கு உள்ளே, மாலை ஐந்துக்கு வெளியே, இரண்டு இடத்திலும் ஏட்டம்மாவின் கையெழுத்து.

வழக்கு மூன்று வருஷம் இழுத்தது. அதற்குள் அவளை நான்கு ஸ்டேஷன்களுக்குப் பந்தாடினார்கள். எங்கே தூக்கிப் போட்டாலும், வாய்தா தேதிக்கு லீவு எழுதிக்கொடுத்துவிட்டு வந்து நின்றாள்.

கடைசி விசாரணையில் அரசு வக்கீல், "ஒரு மணி நேரம் அனுமதி வாங்கிட்டு வந்து ஓடியிருக்கலாம்" என்றார்.

நீதிபதி அந்த வார்டுப் பதிவேட்டின் நகலிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "அந்த ஒரு மணி நேரம் கைதிக்கு யார் காவல்? பொறந்த குழந்தையா?"

எல்லோரும் சிரித்தார்கள். ஏட்டம்மா சிரிக்கவில்லை. தனியாகத் தேர்வு வைக்க வேண்டும், தேறினால் மீசைக்குக் கொடுத்த அதே தேதியிலிருந்து உயர்வு தர வேண்டும் என்று தீர்ப்பானது.

நாற்பத்தாறு வயதில் ஓடினாள். அவள் விழுவதைப் பார்க்கவென்றே பாதி அலுவலகம் மைதானத்து வேலியோரம் நின்றது. கடைசிச் சுற்றில் கண் இருட்டியது. கோட்டைத் தாண்டி, குனிந்து வாந்தி எடுத்தாள். வாயைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்து, "நேரத்தைச் சத்தமா சொல்லுங்க" என்றாள்.

ஒன்பது விநாடி மிச்சம்.

உத்தரவு வந்தது. உதவி ஆய்வாளர். ஆனால் அன்றைய தேதியிலிருந்து. ஏட்டம்மா அதை மேஜையிலேயே திரும்ப வைத்தாள்.

"தேதி தப்பா இருக்கு சார்."

"ஸ்டார் வந்துடுச்சில்ல? தேதியில என்னம்மா இருக்கு?" என்றார் கண்காணிப்பாளர்.

"நான் மீசைக்கு சல்யூட் அடிச்ச மூணு வருஷம் இருக்கு சார்."

"அப்போ மறுபடியும் கோர்ட்டா?"

"வழி தெரியும் சார்."

பதினோரு நாள் கழித்து வேறு தாள் வந்தது. நின்றபடியே ஒவ்வொரு வரியாகப் படித்தாள். தேதி சரியாக இருந்தது. பேனாவை எடுத்தவள், "முதல்ல எனக்கு ஒரு நகல் வேணும்" என்றாள்.

"கையெழுத்துக்கு முன்னாடி நகல் தர்ற வழக்கம் இல்லையே," என்று இழுத்தார் கிளார்க்.

"இனிமே வரும். எடுத்துட்டு வாங்க."